ஒப்ரென் வேசிச் சாப்பிட்ட படங்கள்

ஒப்ரென் வேசிச் என்ற நடிகர் திரையில் எதைச் சாப்பிட்டாலும் அது பார்ப்பவர்களின் வயிற்றுக்குப் போய்ச் சேர்ந்தது. இது முதன்முதலில் தெரியவந்தது வால்யெவோ ஊர்த் திரையரங்கில். உலகப்போர் முடிந்து நான்கு ஆண்டுகள் ஆகியிருந்தன. ரொட்டிக்கும் எண்ணெய்க்கும் இன்னும் பங்கீட்டுச் சீட்டு நடைமுறையில் இருந்தது. அந்தப் படத்தில் ஒப்ரெனுக்கு வசனம் கிடையாது. விடுதலைப் படை வீரன் ஒருவன் பனிக்காட்டில் உட்கார்ந்து தகரக் கிண்ணத்தில் பீன்ஸ் கூழ் குடிப்பான். அடுத்த காட்சியில் பாலத்தைத் தகர்க்கப் போய்ச் செத்துவிடுவான். கூழ் குடிக்கும் காட்சி ஒரு நிமிடம்கூட வராது. படம் விட்டு வெளியே வந்தவர்கள் இடுப்பு வாரை ஒரு துளை தளர்த்திக்கொண்டார்கள். திரையரங்கின் எதிரே அடைரொட்டி விற்றவர் அன்று கொண்டுவந்ததை அப்படியே திருப்பி எடுத்துப் போனார். இரண்டாம் நாளும் அப்படியே நடந்தது. மூன்றாம் நாள் அவரே டிக்கெட் வாங்கி உள்ளே போய்ப் பார்த்தார். வெளியே வந்து, கூழில் மிளகாய்த்தூள் இன்னும் கொஞ்சம் போட்டிருக்கலாம் என்று சொன்னார்.

தலைநகர் பெல்கிரேடிலிருந்து மூன்று பேர் கொண்ட குழு ஒன்று விசாரிக்க வந்தது. ஒரு மருத்துவர், ஆளும் கட்சிக்காரர் ஒருவர், ஒளிப்பதிவு தெரிந்த ஒருவர். மூவரும் காலை உணவில்லாமல் படம் பார்த்தார்கள். மதிய உணவை வேண்டாமென்று சொல்லிவிட்டு ரயில் ஏறினார்கள். அறிக்கையில் என்ன எழுதினார்கள் என்று தெரியவில்லை. ஆனால் அடுத்த ஆண்டு வறட்சி வந்து மக்காச்சோளம் நின்ற இடத்திலேயே காய்ந்தபோது, அந்தக் கூழ்க் காட்சியை மட்டும் தனியாக வெட்டிச் சுருளாக்கி, மலைக் கிராமங்களுக்குக் குதிரை முதுகில் அனுப்பினார்கள். சுரங்கத்துக்கும், ரயில் பாதை போடப் போன இளைஞர் படைகளுக்கும் போனது. ஒரு வெள்ளைத் துணியும் விளக்கு எரிய மின்சாரமும் இருந்தால் போதும். நாட்டில் ஒப்ரெனின் முகம் தெரியாத வீடு அரிதாகிப் போனது இப்படித்தான்.

ஒப்ரெனுக்கு மட்டும் அந்தக் கூழால் ஒரு பயனும் இல்லை. ஒளிப்பதிவுக் கருவி ஓடும்போது அவர் விழுங்கியது எதுவும் அவர் வயிற்றில் தங்கவில்லை. காட்சி முடிந்ததும், உட்கார்ந்தபோது இருந்த அதே பசியோடுதான் எழுந்திருப்பார். கருவி இல்லாத இடத்தில் எல்லாரையும்போல்தான்: நாலு பேரோடு ஒரே மேசையில் சாப்பிட்டால் அவர் வயிறு அவருக்கு, மற்றவர் வயிறு மற்றவருக்கு. ஷாபாட்ஸ் ஊர் முடிதிருத்துபவரின் மகன் அவர். நடிப்புப் பள்ளியில் சேர்ந்தது அரசர்களாக நடிப்பதற்காக. குரல் அதற்கு ஏற்ற குரல்தான், உயரமும் இருந்தது. ஆனால் எந்த இயக்குநரும் அவரை உணவில்லாத காட்சியில் நிறுத்தத் தயாராக இல்லை. பதினைந்து ஆண்டுகளில் அவர் படைவீரனாக, பாதிரியாராக, ரயில் நிலைய அதிகாரியாக, மணமகனின் சித்தப்பாவாக நடித்தார், அந்தப் பாத்திரங்கள் எல்லாருமே திரையில் சாப்பிட்டார்கள்.

ஒரு படத்தில் ஜெர்மன் மேஜராக வந்து, ஊரைக் கொளுத்திவிட்டு வாத்து வறுவல் சாப்பிட்டார். அதில் ஒரு சிக்கல் எழுந்தது. பகைவன் தின்ற வாத்தால் பாட்டாளி மக்களின் வயிறு நிறைவது சரியா என்று பத்திரிகைகளில் குளிர்காலம் முழுவதும் விவாதித்தார்கள். போரில் மகனைப் பறிகொடுத்த ஒரு பெண், எனக்கு வாத்து ஏறவில்லை, பசியோடுதான் வீடு திரும்பினேன் என்று பத்திரிகைக்கு எழுதினாள். கடைசியில், வாத்து உள்ளூர் வாத்துதான், மேஜர் அதைத் திருடியிருக்கிறான், எனவே அது உரியவர்களிடம் திரும்பி வந்திருக்கிறது என்று கட்சித் தரப்பில் தெளிவுபடுத்தினார்கள். விவாதம் ஓய்ந்தது. இத்தாலியர்கள் கடற்கரையில் ரோமாபுரிப் படம் எடுக்க வந்தபோது ஒப்ரெனை ஒரு செனட்டர் ஆக்கித் திராட்சை தின்ன வைத்தார்கள். அந்தப் படம் பார்த்தவர்களுக்கு அரை வயிறுதான் நிறைந்தது, அதனாலேயே அது சரியாக ஓடவில்லை.

அந்த நாட்டில் வாசற்படி ஏறிய யாரையும் வாயில் எதுவும் போடாமல் திருப்பி அனுப்ப மாட்டார்கள். தபால்காரருக்கும் ஒரு கரண்டி பழப்பாகு உண்டு, மீட்டர் பார்க்க வருபவருக்கும் உண்டு. ஒப்ரெனுக்கு மட்டும் யாரும் சாப்பாடு போடவில்லை. ஊருக்கே போடுகிறவர் நம் வீட்டிலா வந்து சாப்பிடப்போகிறார், அவர் முன்னால் நம் பானையைத் திறந்தால் அவருக்கே சங்கடம் என்று ஒவ்வொருவரும் நினைத்துக்கொண்டார்கள். அதற்குப் பதிலாகக் கம்பளிக் காலுறை கொடுத்தார்கள், தொப்பி கொடுத்தார்கள், ஒருவர் வீட்டுக் கூரையை இலவசமாக வேய்ந்து கொடுத்தார். நாற்பது வயதில் ஒப்ரெனிடம் ஆயுளுக்கும் போதுமான காலுறை இருந்தது. மனைவி இல்லை. உடம்பு, துணி உலர்த்தும் கொம்புபோல் இருந்தது.

பிறகு தொலைக்காட்சி வந்தது. பெல்கிரேட் நிலையம் ஞாயிற்றுக்கிழமை மாலைதோறும் ஒரு தொடரை நேரடியாக ஒளிபரப்பியது. ஒரு பழைய முற்றம், அதைச் சுற்றி நாலு குடித்தனம், மாடியில் ஒண்டுக்குடித்தனம் இருக்கும் ஸ்ரேதா மாமா. எந்த வீட்டில் பானை கொதித்தாலும் ஸ்ரேதா மாமா ஏதோ சாக்குச் சொல்லி அங்கே போய் உட்கார்ந்துவிடுவார். ஸ்ரேதா மாமா ஒப்ரென்தான். இரண்டு மாதத்தில் நாடு ஞாயிற்றுக்கிழமை இரவுச் சமையலை விட்டுவிட்டது. பெட்டி இல்லாதவர்கள் பெட்டி இருக்கும் வீட்டுக்குப் போனார்கள். கடைக் கண்ணாடிக்கு வெளியே தெருவில் நின்று பார்த்தவர்களுக்கும் வயிறு நிறைந்தது. இரண்டு கண்ணாடி தாண்டி வரவேண்டியிருந்ததால் சற்றுக் குறைவாக. பெண்கள் அந்த ஒரு மாலையில் தலைக்கு எண்ணெய் வைத்துக்கொள்ளவும் கடிதம் எழுதவும் பழகினார்கள்.

நிகழ்ச்சி முடிந்ததும் ஒப்ரென் தன் பசிக்கு இடம் தேடிப் போவார். பாலம் தாண்டி ஸெமுனில், டான்யூப் கரையோரம் ஒரு மீன் சாப்பாட்டுக்கடையில் மட்டும் அடுப்பு எரிந்துகொண்டிருந்தது. கடை தனாசியே என்பவருடையது. இழுவைப் படகில் முப்பது ஆண்டு ஓடிவிட்டுக் கரையேறியவர். அவர் மகள் கோசரா சமைத்தாள், பரிமாறினாள். அவளுக்கு முப்பத்தைந்து வயது. கணவர் ஆற்றோடு போய்ச் சில ஆண்டுகள் ஆகியிருந்தன. கடையில் தொலைக்காட்சி கிடையாது. சாப்பிடும் இடத்தில் சாப்பாட்டைத்தான் பார்க்கவேண்டும் என்பது தனாசியேயின் கொள்கை. அடுப்பைவிட்டுப் படம் பார்க்கப் போகவும் கோசராவுக்கு நேரம் இருந்ததில்லை, அதனால் ஒப்ரென் யாரென்று அவளுக்குத் தெரியவில்லை. ஆளில்லாத கடையில் ஒல்லியாக ஒருவர் வந்து நாலு கிண்ணம் மீன் குழம்பு குடித்துவிட்டு ஐந்தாவதைத் தயங்கித் தயங்கிக் கேட்டார். அவளுக்கு அவரைப் பிடித்துப் போனது.

“இந்த ஊர்ல உங்களுக்கு மட்டும்தான் வயிறுன்னு ஒண்ணு இருக்கு போல,” என்றாள். “ஞாயித்துக்கிழமை ஆச்சுன்னா ஸெமுன்ல யாருக்குமே பசிக்கிறதில்லை. டாக்டரைக் கேட்டா சிரிச்சுக்கிட்டே தண்ணியில கோளாறுங்கறார். பாதிரியாரைக் கேட்டா ஜனங்களுக்கு அடக்கம் வந்துடுச்சுங்கறார்.”

“தண்ணியாத்தான் இருக்கும்,” என்றார் ஒப்ரென், கிண்ணத்தைப் பார்த்தபடியே.

வசந்தம் முழுவதும் அவர் ஞாயிறு தவறாமல் வந்தார். கோடையில் தொடருக்கு விடுமுறை விட்டபோதும் வந்தார், அப்போது வாரத்தில் மூன்று நாள் வந்து, யாரும் அடையாளம் காணாதபடி தொப்பியை இழுத்துவிட்டுக்கொண்டு மூலையில் உட்கார்ந்தார். கடை நிரம்பி வழிந்த அந்த மாதங்களில் கோசராவுக்கு அவரோடு பேச நேரமில்லை. ஆனாலும் அவர் மேசைக்குக் கெண்டையின் நடுத்துண்டு தானாகப் போய்ச் சேர்ந்தது. இலையுதிர்காலத்தில் தொடர் மறுபடி தொடங்கி, கடை மறுபடி காலியான ஒரு ஞாயிற்றுக்கிழமை, பக்கத்து வீட்டுப் பெண்மணி உப்பு வாங்க உள்ளே வந்தாள். மூலையில் உட்கார்ந்திருந்தவரைப் பார்த்ததும் முகம் மலர்ந்துவிட்டது.

“ஸ்ரேதா மாமா, நீங்களா! தப்பா நெனைக்காதீங்க, போன வாரம் நீங்க சாப்பிட்ட கெளுத்தியில உப்பு கம்மி. எங்க வீட்டுக்காரர் ராத்திரி எழுந்து உப்பை நக்கிட்டுப் படுத்தார்.”

அவள் போனதும் கோசரா கரண்டியைக் கீழே வைத்தாள். விஷயம் புரிய அவளுக்கு அதிக நேரம் ஆகவில்லை. “எங்கப்பாவோட ஞாயித்துக்கிழமையை அங்க உக்காந்து தின்னுட்டு, இங்க வந்து மறுபடியும் தின்னிருக்கீங்க,” என்றாள். தான் அங்கே தின்றது எதுவும் தன் வயிற்றுக்கு வருவதில்லை, வந்திருந்தால் இந்தக் கடை இருப்பதே தனக்குத் தெரிந்திருக்காது என்று ஒப்ரென் சொன்னார். இதை அவர் யாரிடமும் சொன்னதில்லை. கோசரா அவரைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தாள். சட்டைக் காலர் கழுத்தில் தொளதொளவென்று கிடந்தது. அவள் கிண்ணத்தை எடுத்துப் போய் மறுபடி நிரப்பிக்கொண்டு வந்து, இந்த முறை எதிரே உட்கார்ந்தாள். முதல் பனி விழுமுன் இருவரும் மணம் செய்துகொள்வதென்று முடிவு செய்திருந்தார்கள். தனாசியேயிடம் சொல்வதுதான் பாக்கி.

தனாசியே பொறுமையாகக் கேட்டார். நடிகர் என்பதில் அவருக்கு ஆட்சேபமில்லை. படகிலும் எல்லா மாதிரி ஆட்களையும் பார்த்தவர் அவர். அவருக்கு இருந்த ஒரே கவலை ஸ்லாவா. அது அவர்கள் குலத்துப் புனிதரின் நாள். படகுக்காரர்களைக் காக்கும் நிக்கோலா, டிசம்பர் பத்தொன்பதாம் தேதி. அந்த நாளுக்கு யாரையும் அழைக்கக்கூடாது, வந்த யாரையும் திருப்பவும் கூடாது. வா என்று சொல்வதும் வராதே என்று சொல்வதும் ஒரே அளவு அவமரியாதை. அதனாலேயே, மதச் சடங்குகளுக்குப் போகக்கூடாத கட்சிக்காரர்களுக்கும் அது வசதியாக இருந்தது. யாரும் அழைக்காததால், இந்தப் பக்கமாக வந்தேன், விளக்கு தெரிந்தது என்று சொல்லிவிட்டு உள்ளே வந்து மூன்று தட்டு சாப்பிட்டுப் போவார்கள். வீட்டுக்காரர் அன்று முழுவதும் உட்காரக்கூடாது. நின்றுகொண்டே எல்லாருக்கும் போடவேண்டும். தனாசியே வீட்டு ஸ்லாவாவுக்குக் கரையின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை ஆள் வரும். நோன்புக் காலமாகையால் கறி கிடையாது. கெண்டை, எண்ணெயில் வாட்டி அடுப்பில் வைத்த வெள்ளை பீன்ஸ், அக்ரூட் போட்ட கோதுமைப் பாகு. அந்த ஆண்டு பத்தொன்பதாம் தேதி ஞாயிற்றுக்கிழமையில் வந்தது.

“ஜனங்க தொடரைப் பாத்துட்டு வருவாங்க,” என்றார் தனாசியே. “வயிறு முட்ட வந்து என் மேசையில உக்காந்து, வேண்டாம் வேண்டாம்னு கையை மறிப்பாங்க. எங்க தாத்தா காலத்துலேர்ந்து நிக்கோலா நாள்ல இந்த வீட்டுலேர்ந்து ஒருத்தனும் சாப்பிடாம போனதில்ல, பசியோடயும் போனதில்ல. இந்த வருஷம் அது கெட்டுச்சுன்னா, தம்பி, டான்யூப்பை நீ அந்தக் கரையிலேர்ந்து பாத்துக்க. கெடலைன்னா மேற்கொண்டு பேசுவோம்.”

ஒப்ரென் இயக்குநர் விதோயேயிடம் போனார். ஒரே ஒரு வாரம் ஸ்ரேதா மாமா சாப்பிடாமல் இருந்தால் என்ன என்று கேட்டார். விதோயே சிரித்தார், பிறகு இவர் சிரிக்கவில்லை என்று தெரிந்து தானும் நிறுத்திக்கொண்டார். ராணுவ முகாம்கள் ஞாயிறு இரவுக்கு மளிகையே எடுப்பதில்லை, மாணவர் விடுதிகளில் சமையல்காரர்களுக்கு அன்று விடுப்பு, மருத்துவமனையில் பல் கட்டாத கிழவர்கள் இதை நம்பித்தான் படுத்திருக்கிறார்கள் என்று அடுக்கினார். “யோவ், ஒரு நாடே அடுப்பு மூட்டாம உக்காந்திருக்கும். உனக்கு வரப்போற மாமனார் ஒருத்தருக்காக நான் அத்தனை பேரையும் காயப்போடணுமா?” அந்த வாரக் கதைப்படி, பக்கத்து வீட்டு அம்மாள் முட்டைக்கோஸ் இலையில் சுற்றிய கறியுருண்டைகளை ஸ்ரேதா மாமாவுக்கு வைக்கவேண்டும்; மாமா ஒரு சட்டி முழுவதையும் தீர்க்கவேண்டும். அதில் மாற்றமில்லை என்றார்.

ஒப்ரென் அந்த ஞாயிறு காலையிலிருந்து எதுவும் சாப்பிடவில்லை. ஒரு காரணம், விருந்துக்கு வயிற்றில் இடம் வைத்திருந்தார். இன்னொரு காரணம், கவலை. நேரம் வந்தபோதும் என்ன செய்வதென்று முடிவு செய்திருக்கவில்லை. விளக்குகள் எரிந்தன. பக்கத்து வீட்டு அம்மாளாக நடித்த பெர்ஸிடா, நாற்பது ஆண்டு மேடை கண்டவர், ஆவி பறக்கும் தட்டை அவர் முன் வைத்தார். ஒப்ரென் முள்கரண்டியைக் கையில் எடுத்து, அதைப் பார்த்து, மறுபடி மேசையில் வைத்தார். “வேண்டாம்,” என்றார்.

இதில் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. அந்த நாட்டில் நல்ல முறையில் வளர்ந்தவர்கள் இரண்டு முறை வேண்டாம் என்று சொல்வார்கள், மூன்றாம் முறை எடுத்துக்கொள்வார்கள். பெர்ஸிடா, “சாப்பிடு ஸ்ரேதா, ஆறிடும்,” என்றார். ஒப்ரென் வேண்டாமென்றார். மூன்றாம் முறையும் வேண்டாமென்றார். கருவிக்குப் பின்னால் விதோயே தலையில் கை வைத்துக்கொண்டார். பெர்ஸிடா கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை. எழுதப்படாத வசனத்தில் இறங்கினார்: செத்துப்போன தன் தாய்மேல் ஆணையிட்டார், யார் உன்னிடம் என் சமையலைப் பற்றிக் கோள் சொன்னது என்று கேட்டார், ஒரே ஒரு உருண்டை என்றார், பாதி உருண்டை என்றார், சாற்றையாவது ரொட்டியில் தொட்டுக்கொள் என்றார். ஒப்ரென் ஒவ்வொன்றுக்கும் மறுத்தார். மறுக்கும்போதெல்லாம் கண் தட்டைவிட்டு நகரவில்லை. ஆவி மூக்கில் ஏறியது. வாயில் ஊறிய எச்சிலை விழுங்கினார். பதினைந்து ஆண்டுகளாக அரசர் வேடம் கேட்டுக் கிடைக்காத மனிதர் அன்று தன் வாழ்நாளின் மிகச் சிறந்த நடிப்பை ஒரு கறியுருண்டைக்கு எதிரே உட்கார்ந்து நடித்தார். நடிப்பு அதில் பாதிதான். அவர் சாப்பாடு மட்டுமல்ல, அவர் பசியும் அதே வழியாகப் போகும் என்பது அவருக்கோ வேறு யாருக்கோ அன்றுவரை தெரியாது.

நிகழ்ச்சி முடியுமுன்பே நாடு எழுந்து அடுப்பை மூட்டியது. பெல்கிரேடில் ரொட்டி சுடுபவர்களை வீட்டிலிருந்து கையோடு இழுத்து வந்து கடையைத் திறக்கவைத்தார்கள். ஸரயேவோவில் மறுநாள் திருமணத்துக்குச் செய்திருந்த இனிப்பு முழுவதையும் இரு வீட்டாரும் சேர்ந்து தீர்த்தார்கள்; சம்பந்திகளுக்குள் இருந்த பழைய மனத்தாங்கலும் அதோடு தீர்ந்தது. ஒரு ராணுவ முகாமில் ஜன்னல் வழியே பெட்டியைப் பார்த்தபடி காவலுக்கு நின்றவன் குதிரைக்கு வைத்திருந்த கேரட்டைத் தின்றான். மாக்கெடோனிய மலையில் ஒரு மடத்துத் துறவிகள் உறவினர் வீட்டில் பெட்டி பார்த்துவிட்டு வந்து, வசந்தம்வரை வைத்திருக்கவேண்டிய உலர் பீன்ஸை நள்ளிரவு தாண்டியும் வேகவைத்துக்கொண்டிருந்தார்கள். யாருக்கும் கோபம் இல்லை. இவ்வளவு ருசியாக எதையும் சாப்பிட்டுப் பல காலம் ஆயிற்று என்றுதான் எல்லாரும் சொன்னார்கள்.

விதோயே என்ன சொல்லித் திட்டினார் என்பதை ஒப்ரென் கேட்க நிற்கவில்லை. பாலத்தில் பேருந்து நடுவில் நின்றிருந்தது. கடைக் கண்ணாடியில் நிகழ்ச்சியைப் பார்த்துவிட்டு வந்த ஓட்டுநரும் பயணிகளும் யாரோ ஒருவர் ஊருக்குக் கொண்டுபோன பன்றித்தொடையைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். அவர் நடந்தே பாலத்தைக் கடந்தார். மனம் இலேசாக இருந்தது. தான் சாப்பிடவில்லை, எனவே விருந்தினர் பசியோடு வந்திருப்பார்கள், எனவே தனாசியேயின் மேசை காலியாகியிருக்கும், எனவே எல்லாம் நல்லபடி முடிந்தது என்று கணக்குப் போட்டுக்கொண்டே போனார். கடையை நெருங்கியபோது வாசலிலும் தெருவிலும் ஆள் நின்றார்கள். பாதிப்பேர் தனாசியேயை வாழ்நாளில் பார்த்திராதவர்கள். ஜன்னலில் ஸ்லாவா மெழுகுவத்தி தெரிந்ததைப் பார்த்து வந்துவிட்டார்கள். யாரையும் திருப்ப முடியாது. கெண்டை தீர்ந்திருந்தது. பீன்ஸ் தீர்ந்திருந்தது. மறுநாளுக்கு எடுத்துவைத்ததும், அதற்கடுத்த நாளுக்கு எடுத்துவைத்ததும் தீர்ந்து, வழித்த பானையோடு தனாசியே கூடத்தின் நடுவில் நின்றார். மேசைகளில் அத்தனை பேரும் கரண்டியைக் கையில் பிடித்தபடி, மரியாதை காரணமாக எதுவும் கேட்காமல், அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

“ஒருத்தனும் சாப்பிடாம போகக்கூடாதுன்னேன்,” என்றார் தனாசியே, ஒப்ரெனைக் கண்டதும், தணிந்த குரலில். “ஒருத்தனும் நிறுத்தக்கூடாதுன்னா சொன்னேன்? உனக்கு நடுவுல ஒரு நிலைமையே கிடையாதா, தம்பி?”

கோசரா அவரைக் கையைப் பிடித்துச் சமையலறைக்குள் இழுத்துப் போனாள். முகம் வெளிறி ஆள் சாய்வதுபோல் இருந்தார். அவருக்கென்று அவள் ஒரு தட்டை அடுப்புக்குள் ஒளித்து வைத்திருந்தாள்: பீன்ஸ், ஒரு கெண்டைத் துண்டு, ஒரு துண்டு ரொட்டி. அந்த வீட்டில் மிச்சமிருந்த சாப்பாடு அதுதான். சமையலறைக்கும் கூடத்துக்கும் நடுவே, தட்டுகளை நீட்டுவதற்கு, மரச்சட்டம் போட்ட ஒரு சதுரத் திறப்பு உண்டு. ஒப்ரென் அதன் அருகே கிடந்த முக்காலியில் உட்கார்ந்து முதல் கரண்டியை வாயில் வைத்தார். கூடத்தில் எதிர் மேசையிலிருந்த படகுக்காரர் ஒருவர், “அட, ஸ்ரேதா மாமா. டிவில தெரியற மாதிரியே தெரியறாரு பாரு,” என்று பக்கத்திலிருந்தவரிடம் சொன்னார். சொல்லிவிட்டு ஏப்பம் விட்டார். கரண்டியைக் கீழே வைத்தார்.

கோசரா அதைப் பார்த்துவிட்டாள். ஒப்ரெனும் பார்த்துவிட்டார். வாயில் வைத்த பீன்ஸ் தொண்டையோடு காணாமல் போனதை அவர் வயிறு முன்பே சொல்லியிருந்தது. முக்காலியை இரண்டடி நகர்த்திச் சுவரோரம் போய் உட்கார்ந்தால் தட்டு முழுவதும் அவருக்கே. அவள் அதை அவருக்காகத்தான் ஒளித்து வைத்திருந்தாள். நகரச் சொல்லவும் இல்லை, நகராதே என்றும் சொல்லவில்லை. அவர் கூடத்தைப் பார்த்தார். வெற்றுப் பானையோடு நின்ற தனாசியேயைப் பார்த்தார். முக்காலியைச் சதுரத்துக்கு நேர் நடுவில் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

“வெளியில நிக்கறவங்க எல்லாம் உள்ள வாங்க,” என்று கோசரா குரல் கொடுத்தாள். “குட்டையானவங்க முன்னால. எல்லாரும் இந்தப் பக்கம் பாருங்க.”

ஒப்ரென் அவசரப்படவில்லை. மீனை முள்ளெடுத்து, சிறு சிறு துண்டாக, ஒவ்வொன்றையும் நன்றாக மென்று சாப்பிட்டார். பீன்ஸைக் கரண்டியில் அள்ளி, ஓரத்தில் முறுகியதை எல்லாருக்கும் கிடைக்கும்படி கலந்துகொண்டார். தட்டை ரொட்டியால் துடைத்து அதையும் வாயில் போட்டார். கூடத்தில் இடுப்பு வார்கள் தளர்ந்தன. நிலைய நிகழ்ச்சியில் சாப்பிட்டதெல்லாம் நிலையத்துச் சமையல். இது தனாசியே வீட்டுப் பானை. தாத்தா காலத்துப் பக்குவம், வெங்காயம் சரியாக வாடியிருந்தது. தெரியாதவர்கள்கூட அன்று போகும்போது, பீன்ஸ் யார் கைவண்ணம் என்று கேட்டுப் பாராட்டிவிட்டுத்தான் போனார்கள். இந்தப் பக்கமாக வந்தேன், விளக்கு தெரிந்தது என்று உள்ளே வந்திருந்த கட்சிக்காரர் ஒருவர், இந்த முறையைச் சிந்தித்துப் பார்க்கவேண்டும் என்றார். தனாசியே வாசலில் நின்று ஒவ்வொருவரையும் வழியனுப்பினார். ஒருவர்கூடச் சாப்பிடாமல் போகவில்லை. ஒருவர்கூடப் பசியோடு போகவில்லை.

கடைசி ஆளும் போனபின் அவர் சமையலறைக்கு வந்தார். ஒப்ரென் வெறும் தட்டோடு உட்கார்ந்திருந்தார்.

“உனக்கு நெறைஞ்சுதா?” என்று கேட்டார் தனாசியே.

“இல்ல, ஐயா.”

தனாசியே மீசையைத் தடவினார். ஒரு விருந்தாளி இன்னும் இந்த வீட்டில் பசியோடு இருக்கிறான். போட எதுவும் இல்லை. தாத்தா காலத்திலிருந்து வந்தது இவனால் கெடப்போகிறது. அவர் அப்படியும் இப்படியும் கணக்குப் பார்ப்பது முகத்தில் தெரிந்தது.

“அப்ப உன்னை விருந்தாளின்னு வச்சுக்க முடியாது,” என்றார். “விருந்தாளின்னா வயிறு நெறையாம வெளிய போகக்கூடாது. வீட்டு ஆளுன்னா, மீந்தா உண்டு, இல்லைன்னா இல்ல. அதனால நீ வீட்டு ஆளு. இனிமே எங்கயும் போகவேண்டாம்.” சொல்லிவிட்டு, காலையிலிருந்து நின்ற கால்களோடு மாடிக்குப் படுக்கப் போனார்.

கோசரா கூடைக்கு அடியில் துழாவி நாலு உருளைக்கிழங்கு எடுத்தாள். வெங்காயத்தோடு எண்ணெயில் வதக்கினாள். பிறகு அந்தச் சதுரத் திறப்பின் கதவைச் சாத்தினாள். இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து ஒரே வாணலியிலிருந்து சாப்பிட்டார்கள். அவர் உண்டது அவருக்கே போனது.

விதோயே அவரை வேலையிலிருந்து நீக்குவதாக இருந்தார். ஆனால் திங்கட்கிழமை நாட்டில் ஒரு கடையிலும் மாவோ மீனோ மிச்சமில்லை. விற்பனையாளர்கள் மாதத்தில் ஒரு ஞாயிறாவது ஸ்ரேதா மாமா மறுக்கவேண்டும் என்று மனு கொடுத்தார்கள். மூன்று ஞாயிறு சாப்பிடுவது, நான்காவது ஞாயிறு வேண்டாமென்பது என்று ஏற்பாடானது. உழவர்களுக்கும் அது ஒத்துவந்தது. தொடர் இன்னும் பதினோரு ஆண்டு ஓடியது. நடுவில் வண்ணத் தொலைக்காட்சி வந்தது. அதனால் மிளகாய்க் காரம் மட்டும் சற்றுக் கூடியதாகச் சொன்னார்கள். ஒப்ரெனுக்குக் கன்னம் வைத்தது, பிறகு தொப்பையும் வைத்தது. அரசர் வேடம் ஒருமுறை கிடைத்தது. அரண்மனை விருந்தில் அவர் ஏழு வகை சாப்பிட்டார்.

திருமணம் ஸெமுனில், உயிர்த்தெழுதல் திருநாள் கழிந்த ஞாயிறன்று நடந்தது. படம் எடுக்க வந்தவருக்கு விவரம் போதவில்லை. மணமகன் பன்றிக்குட்டி வறுவலைக் கடிக்கும் நேரம் பார்த்து எடுத்துவிட்டார். அசையாத படமென்பதால் முழு வயிறு நிறையாது, ஒரு பலமான காலை உணவு அளவுக்குத்தான். இருந்தாலும் தனாசியே அதைக் கடைக் கூடத்தில் மாட்ட விடவில்லை. அது இப்போதும் மாடிப் படுக்கையறையில் சுவரைப் பார்த்தபடி திரும்பித் தொங்குகிறது. உடம்பு இளைக்கவேண்டும் என்று மருத்துவர் சொன்னவர்கள் காலையில் வந்து கேட்டால் கோசரா அதைத் திருப்பிக் காட்டுவாள்.